போட்ஸ்வானா என்றால் மழை

பிப்ரவரி 11

ஆஸ்பத்திரியிலிருந்து வீட்டுக்கு வந்துவிட்டோம். ஆட்டோக்காரரும் எதிர்வீட்டுக்காரரும் ஆளுக்கொரு பக்கம் பிடித்து என் வீட்டுக்காரரைக் கட்டிலில் உட்கார வைத்தார்கள். வலது கையும் வலது காலும் அவர் சொல்வதைக் கேட்பதில்லை. கால் தேறிவிடும், கோல் ஊன்றி நடந்துவிடுவார் என்கிறார்கள். பேச்சு எப்போது வரும் என்று கேட்டபோது மட்டும் டாக்டர் "பாக்கலாம்மா" என்று சொல்லிவிட்டு அடுத்த கட்டிலுக்குப் போய்விட்டார்.

பிரிட்ஜில் இருந்த மாவு பொங்கி வழிந்து தட்டெல்லாம் காய்ந்து கிடந்தது. அதைச் சுரண்டவே ஒரு மணி நேரம் ஆனது.

அலமாரிக்குப் பக்கத்தில் என் பெட்டி அப்படியே நிற்கிறது. கட்டிலுக்கு அடியில் தள்ளிவிடலாம் என்று பார்த்தேன். அங்கே இவருடைய புத்தகக் கட்டுகள். என் பெட்டிக்கு இடமில்லை.

பிப்ரவரி 13

மங்கை தஞ்சாவூரிலிருந்து பேசினாள். "மாடிய கழுவி விட்டு வெச்சிருக்கேன் அக்கா. நீ எப்ப சொல்றியோ அப்ப" என்றாள்.

"இப்ப அந்தப் பேச்சு எடுக்காத" என்றேன்.

"நான் ஒண்ணும் அவசரப்படுத்தல. பெட்டி கட்டின அன்னைக்கா இப்படி ஆகணும்னுதான் இருக்கு."

என் தங்கைக்கு எதை எப்போது சொல்வது என்று தெரியாது. சின்ன வயதிலிருந்தே அப்படித்தான்.

பிப்ரவரி 17

பேச்சுப் பயிற்சி கொடுக்கும் பெண் வந்தாள். பெயர் நஸ்ரின். இருபத்தாறு, இருபத்தேழு வயது இருக்கும். வந்ததும் ஒரு தம்ளர், ஒரு சீப்பு, ஒரு சாவி மூன்றையும் அவர் முன்னால் வைத்தாள்.

"இது என்ன சார்?"

அவர் தம்ளரைப் பார்த்தார். தெரிகிறது, அது என்னவென்று நன்றாகத் தெரிகிறது. வாய் கோணிக்கொண்டு திறந்தது. நெற்றி வியர்த்தது. ஒன்றும் வரவில்லை. சீப்பை எடுத்து இடது கையால் தலையை வாரிக் காட்டினார். பெயர் வரவில்லை.

நஸ்ரின் அவரைக் கொஞ்சம் ஓய்வாக விட நினைத்து, சுவரில் இருந்த உலக வரைபடத்தைப் பார்த்தாள். "எவ்ளோ பெரிய மேப் சார், இதெல்லாம் உங்களுக்குத் தெரியுமா?" என்று சும்மா ஆப்பிரிக்காவில் ஓர் இடத்தில் விரலை வைத்தாள்.

"வாகடூகு" என்றார் அவர்.

அவள் என்னைப் பரிதாபமாகப் பார்த்தாள். ஏதோ உளறுகிறார் என்று நினைத்துவிட்டாள்.

"உளறலம்மா" என்றேன். "அது ஊர் பேரு. புர்கினா பாசோவோட தலைநகரம்."

அவள் போனை எடுத்துப் பார்த்தாள். பிறகு விரலை அங்கும் இங்கும் நகர்த்திக்கொண்டே போனாள். மடகாஸ்கர், அண்டனானரிவோ. மங்கோலியா, உலான்பாட்டர். ஒன்றுகூடத் தடுக்கவில்லை. எழுத்துப் பிசகாமல் வந்தது. தம்ளர் என்று சொல்ல முடியாத வாயிலிருந்து அண்டனானரிவோ வருகிறது.

"இப்படிச் சில பேருக்கு ஆகறதுண்டும்மா" என்றாள் நஸ்ரின். "பொருள் பேரு, ஆள் பேரெல்லாம் போயிரும். நாட்டுப் பேரு மட்டும் நிக்கும். நான் படிச்சிருக்கேன், நேர்ல இப்பதான் பாக்கறேன்." அவளுக்கு ஒரே சந்தோஷம். பிறகு என்னைக் காட்டிக் கேட்டாள். "இவங்க யாரு சார்?"

அவர் என்னைப் பார்த்தார். ரொம்ப நேரம் பார்த்தார்.

"பராகுவே" என்றார்.

பிப்ரவரி 18

நஸ்ரின் சொன்னபடி தினமும் ஒரு மணி நேரம் அவருடைய புத்தகத்திலிருந்தே கேள்வி கேட்க வேண்டுமாம். வாய்க்குப் பழக்கம் விட்டுப்போகக் கூடாது, அந்த வழியாக மற்ற வார்த்தைகளும் வரலாம் என்கிறாள்.

'வளரும் நாடுகள்: ஆயிரம் வினா விடை'. பதின்மூன்று வருடங்களுக்கு முன்னால் அவரே எழுதி அச்சடித்தது. ரயில்வே ஆபீஸ் வேலை போக மீதி நேரமெல்லாம் இதற்குத்தான் போனது. இரண்டாம் சனிக்கிழமை ஆனால் பொது அறிவு மன்றம், அங்கே இவர்தான் கேள்வி கேட்பவர். லண்டன், பாரீஸ் என்றால் முகம் சுளிப்பார். "பணக்கார வீட்டு விலாசம் எல்லாருக்கும் தெரியும், ஏழை வீட்டு விலாசம் யாருக்குத் தெரியும்?" என்பார். கேட்க நன்றாகத்தான் இருக்கும். விற்காமல் போன புத்தகங்களைக் கட்டிலுக்கு அடியிலிருந்து இழுத்துப் பெருக்கித் துடைத்துத் திரும்பத் தள்ளியது நான்.

இன்று கட்டைப் பிரித்து ஒன்றை எடுத்தேன். கரப்பான் பூச்சி ஓடியது.

பிப்ரவரி 22

நாற்பது கேள்வி. நாற்பதும் சரி. குடிக்கத் தண்ணீர் வேண்டும் என்று கேட்கத் தெரியாமல் தலையணையைத் தூக்கி எறிந்தார்.

பிப்ரவரி 27

எத்தியோப்பியாவில் வருடத்துக்குப் பதின்மூன்று மாதமாம். எனக்குப் பன்னிரண்டே அதிகமாக இருக்கிறது.

மார்ச் 4

கோல் ஊன்றி ஹால் வரைக்கும் நடந்தார். நானும் எதிர்வீட்டு அம்மாவும் கைதட்டினோம். அவர் சோபாவில் உட்கார்ந்து மூச்சு வாங்கியபடி என்னைப் பார்த்து "லெசோதோ" என்றார். காபியா? இல்லை. பேப்பரா? இல்லை. பாத்ரூமா? கோலைத் தரையில் தட்டினார். கேட்டுக் கேட்டு எனக்கும் கோபம் வந்துவிட்டது. "லெசோதோன்னா நான் எங்க போயி வாங்கிட்டு வர்றது" என்று சொல்லிவிட்டு அடுக்களைக்குப் போய்விட்டேன். எதிர்வீட்டு அம்மாதான் ஜன்னலைத் திறந்துவிட்டுப் போயிருக்கிறார். அதற்குப் பிறகு அமைதியாக இருந்தார்.

மார்ச் 5

புத்தகத்தில் தேடினேன். நான்கு பக்கமும் ஒரே நாட்டால் சூழப்பட்ட நாடு, லெசோதோ. சுற்றிலும் தென்னாப்பிரிக்கா.

மூடிய அறையைத்தான் சொன்னாரா? ஏதோ வாய்க்கு வந்ததைச் சொன்னாரா? தெரியவில்லை. காலையிலேயே எல்லா ஜன்னல்களையும் திறந்துவைத்தேன். தூசிதான் வருகிறது.

மார்ச் 11

மூன்று நாளாகத் துவைக்காமல் இருந்த துணியையெல்லாம் துவைத்து மொட்டைமாடியில் போட்டேன். போர்வை, வேட்டி, திரைச்சீலை வரைக்கும். சாப்பிட்டு எழுந்ததிலிருந்து அவர் ஜன்னலருகே உட்கார்ந்து "போட்ஸ்வானா, போட்ஸ்வானா" என்றார். மாத்திரை கொடுத்தேன், தள்ளிவிட்டார். ஃபேன் போட்டேன், நிறுத்து என்று கையை ஆட்டினார். வாசலைக் காட்டினார். யாரும் இல்லை. கடைசியில் "எனக்கும் உடம்பு முடியல, கொஞ்சம் சும்மா இருங்க" என்று கத்திவிட்டுப் போய்ப் படுத்தேன்.

எழுந்து பார்த்தால் மழை கொட்டுகிறது. மார்ச் மாதத்தில் இப்படி ஒரு மழை. துணியெல்லாம் சொட்டச் சொட்ட ஒரு பக்கம், கொடி அறுந்து கீழே அழுக்கில் ஒரு பக்கம். திரும்ப எல்லாவற்றையும் அலசினேன். அவர் இந்தப் பக்கமே திரும்பவில்லை.

மாலையில் கேள்வி நேரம். எழுபத்திரண்டாம் பக்கம். 'மழை என்று பொருள்படும் பெயர் கொண்ட நாணயம் எந்த நாட்டினுடையது?' வாசித்து முடிக்குமுன்னே எனக்கு விடை தெரிந்துவிட்டது. அவரைப் பார்த்தேன். பதில் சொல்லாமல் என்னையே பார்த்துக்கொண்டிருந்தார், நான் சொல்லட்டும் என்று.

"போட்ஸ்வானா" என்றேன்.

சிரித்தார். ஒரு பக்கம்தான் சிரிக்க வருகிறது. எனக்குச் சிரிப்பு வரவில்லை, போர்வை இன்னும் காயவில்லை.

மார்ச் 14

புத்தகத்தை முழுக்க ஒருமுறை படித்துவைத்தால் நல்லது என்று தோன்றியது. இது என் வசதிக்காகத்தான். அவர் என்ன கேட்கிறார் என்று தெரியாமல் வீட்டைச் சுற்றிச் சுற்றி ஓட என் முழங்கால் இடம் கொடுக்கவில்லை.

மார்ச் 18

ஹைத்தி என்ற நாட்டில் அடிமைகளாக இருந்தவர்கள் எதிர்த்துப் போராடி விடுதலை வாங்கினார்கள். அப்படி வாங்கியதற்காகப் பழைய எஜமானர்களுக்கே அவர்கள் நஷ்டஈடு கட்ட வேண்டியிருந்ததாம். அதற்காக வாங்கிய கடனையும் சேர்த்து நூறு வருடங்களுக்கு மேல் கட்டினார்களாம். இதைப் படித்துவிட்டு எனக்கு அடுப்படியில் கை ஓடவில்லை. மங்கையிடம் போனில் சொன்னேன்.

"அத்தான் வியாதி உனக்கும் ஒட்டிக்கிச்சாக்கா?" என்று சிரித்தாள்.

போனை வைத்துவிட்டேன். விடுபடுவதற்கும் காலம் பூராவும் தண்டம் கட்டச் சொல்கிற உலகம் இது என்று சொல்ல வந்தேன். அவளுக்கு அதெல்லாம் புரியாது.

மார்ச் 20

இன்று முழுக்க "மங்கோலியா". புத்தகத்தில் உள்ள மங்கோலியாக் கேள்விகள் ஏழையும் புரட்டினேன். ஜன நெருக்கம் மிகக் குறைந்த நாடு. குதிரைப் பால் குடிக்கிறவர்கள். பால் கொடுத்தேன். வேண்டாம். தனிமையாக இருக்கிறதோ என்று பக்கத்திலேயே உட்கார்ந்தேன். அப்போதும் மங்கோலியா. நஸ்ரின் வந்ததும் கேட்டேன்.

"அம்மா, எல்லாத்துக்கும் அர்த்தம் தேடாதீங்க" என்றாள். "சில நேரம் ஒரு வார்த்தை அப்படியே வாய்ல மாட்டிக்கும். அவருக்கே அது வேண்டாம்னு இருக்கும். ஆனா நிறுத்த முடியாது."

ஒரு நாள் முழுக்க வீண். போட்ஸ்வானா மட்டும் எப்படி மழையானது என்று அவளிடம் கேட்கத் தோன்றியது. கேட்கவில்லை. அதுவும் தற்செயல் என்று சொல்லிவிடுவாள்.

மார்ச் 23

பொலிவியாவுக்குக் கடல் கிடையாது. ஒரு காலத்தில் இருந்தது. சிலியோடு நடந்த சண்டையில் கரை முழுவதையும் இழந்துவிட்டது. ஆனாலும் இன்றுவரைக்கும் கடற்படை வைத்திருக்கிறார்கள், ஏரியில் ஓட்டிக்கொண்டு. வருடா வருடம் மார்ச் 23ஆம் தேதி கடல் நாள் கொண்டாடுகிறார்கள். கேள்வியை வாசித்த பிறகுதான் இன்றைய தேதியே அதுதான் என்று கவனித்தேன்.

"இன்னைக்குத்தாங்க அது" என்றேன்.

அவர் அழுதார். இந்த வியாதியில் காரணம் இல்லாமலும் அழுகை வரும் என்று ஆஸ்பத்திரியில் சொல்லியிருக்கிறார்கள். அதனால்தான் இருக்கும். பாத்திரம் தேய்க்க நிறைய இருந்தது, நான் எழுந்து போய்விட்டேன்.

ஏப்ரல் 2

மன்றத்துத் தாமோதரன் வந்தார். இவருடைய இருபது வருட நண்பர். இவர் இல்லாமல் மன்றத்தில் கூட்டமே இல்லையாம். வரும் இரண்டாம் சனிக்கிழமை இவருக்காக ஒரு சிறப்புச் சுற்று, வளரும் நாடுகள் பற்றி மட்டும். கேள்வி கேட்பது தாமோதரன், பதில் சொல்வது இவர்.

"வேண்டாங்க" என்றேன். "அவருக்கு இன்னும் உடம்பு சரியாகல."

"நாட்டுப் பேரெல்லாம் சொல்றாருன்னு நீங்கதானே சொன்னீங்க? ஜனங்க பாக்கணும்ங்க. குணசீலன்னா யாருன்னு பாக்கணும்."

இவர் முகத்தைப் பார்த்தேன். அப்படி ஒரு ஆசை. பிறகு நான் என்ன சொல்வது. நஸ்ரினும் போகட்டும் என்கிறாள். எல்லாரும் சொல்வார்கள். சட்டை மாட்டி, பொத்தான் போட்டு, ஆட்டோ பிடித்து, ஏற்றி இறக்குவது யார்?

ஏப்ரல் 9

மங்கைக்குப் போன் செய்து மாடியை வாடகைக்கு விடுவதென்றால் விட்டுவிடு என்றேன். "நிஜமா சொல்றியா?" என்றாள். பத்து நிமிஷம் கழித்து நானே கூப்பிட்டு, இந்த மாதம் மட்டும் பொறு என்றேன்.

ஏப்ரல் 12

நூலகக் கட்டடத்தின் மேல் மாடி. அறுபது பேர் இருப்பார்கள், பாதிப் பேர் காலேஜ் பிள்ளைகள். மாலை போட்டார்கள். தாமோதரன் கேட்கக் கேட்க இவர் பதில் சொன்னார். தஹோமி என்பது இன்று எந்த நாடு? பெனின். நாற்கரமாக இல்லாத கொடி கொண்ட ஒரே நாடு? நேபாளம். மேல் வோல்டா? புர்கினா பாசோ. ஒவ்வொன்றுக்கும் கைதட்டல். நான் கடைசி வரிசையில் உட்கார்ந்திருந்தேன். எல்லாவற்றுக்கும் எனக்கும் விடை தெரிந்திருந்தது.

பிறகு தாமோதரன் "புருண்டியின் தலைநகரம்?" என்றார்.

"புஜும்புரா."

கைதட்டல் தொடங்கும்போது முன்வரிசையில் ஒரு பையன் கையைத் தூக்கினான். "சார், இப்ப கிடேகா சார். மாத்தி ஆறு வருஷம் ஆச்சு."

தாமோதரன் போனைப் பார்த்தார். "ஆமா, தம்பி சொல்றது சரிதான்" என்று சிரித்துவிட்டு, "குணசீலனுக்கே ஒரு தப்பு" என்றார். விளையாட்டாகத்தான் சொன்னார். நாலு பேர் சிரித்தார்கள்.

"புஜும்புரா" என்றார் இவர். புத்தகம் அச்சடித்தபோது அதுதான் சரி என்று சொல்ல வந்திருக்க வேண்டும். அதற்கு அவரிடம் வார்த்தை ஏது? "புஜும்புரா. புஜும்புரா." சத்தம் கூடிக்கொண்டே போனது. கையை மேஜையில் அடித்தார். வாயோரம் எச்சில் வழிந்தது. அறுபது பேரும் பார்த்துக்கொண்டிருந்தார்கள்.

நான் எழுந்து முன்னால் போனேன். "இந்தப் புத்தகம் போட்டப்ப புஜும்புராதான் தலைநகரம். அவர் தப்பா சொல்லல. நாடு மாத்திக்கிச்சு" என்றேன். அத்தனை பேர் முன்னால் நான் பேசியதே கிடையாது. பிறகு அவரை அழைத்துக்கொண்டு படி இறங்கினேன். தாமோதரன் பின்னாலேயே வந்து ஏதோ சொன்னார், நான் திரும்பிப் பார்க்கவில்லை.

ஆட்டோவில் புஜும்புரா. வீட்டு வாசலில் புஜும்புரா. மாலையைக் கழற்றும்போது, முகம் துடைக்கும்போது, இட்லி பிட்டு வாயில் வைக்கும்போது. நானும் எவ்வளவுதான் பொறுப்பது?

தட்டைக் கீழே வைத்தேன். கேட்டுவிட்டேன்.

"என் அம்மா செத்த அன்னைக்குப் பந்தல்ல உக்காந்து எங்க மாமாகிட்ட கயானாவோட மிகப் பெரிய ஆறு எதுன்னு கேட்டீங்க. எனக்கு ஆபரேஷன் ஆனப்ப நர்ஸுங்களுக்கு குவிஸ் நடத்தினீங்க. நான் எப்படி இருக்கேன்னு ஒரு நாள், ஒரே ஒரு நாள் கேட்டிருக்கீங்களா? ஊர் உலகத்துல இருக்கற ஏழை நாடெல்லாம் உங்களுக்குத் தெரியும். நான் எங்க இருந்தேன் உங்க மேப்புல?"

அவர் வாய் நின்றுவிட்டது.

"போகப் போறேன்னு இருந்தேன். மங்கை வீட்டு மாடிக்கு. ஒரேயடியா. பெட்டியெல்லாம் கட்டியாச்சு. காலைல பஸ். அன்னைக்குத்தான் நீங்க விழுந்தீங்க." அதற்குமேல் எனக்குக் கத்த முடியவில்லை. "ஏதாவது சொல்லுங்க. நாட்டுப் பேரு மட்டும் சொல்லாதீங்க."

அவருடைய வாய் இரண்டு முறை திறந்து மூடியது.

"தெரியும்" என்றார்.

ஏப்ரல் 13

தெரியுமாம். எப்போதிலிருந்து என்று கேட்டேன். அலமாரிப் பக்கம் நின்ற என் பெட்டியைப் பார்த்தார். அப்படியென்றால் அதைக் கட்டியபோதே, விழுவதற்கு முன்னாலேயே. தெரிந்தும் ஒரு வார்த்தை கேட்கவில்லை. அப்போது வாய் நன்றாகத்தானே இருந்தது?

சமைக்கவில்லை. கடையில் இட்லி வாங்கினேன்.

ஏப்ரல் 15

நஸ்ரினுக்குத் 'தெரியும்' என்ற வார்த்தை வந்ததில் தலைகால் புரியவில்லை. எப்படி வந்தது, எந்தப் பயிற்சியில் என்று கேட்டாள். சும்மா பேசிக்கொண்டிருந்தபோது என்று சொல்லிவைத்தேன். அவள் போன பிறகு அவர் கோலை ஊன்றி எழுந்தார். மெதுவாக அலமாரி வரைக்கும் போய், கோல் நுனியால் என் பெட்டியைத் தொட்டார்.

"போ" என்றார்.

வீட்டை விட்டுக் கிளம்புகிறவர்களிடம் யாராவது வெறும் 'போ' என்று சொல்வார்களா? போயிட்டு வா என்றுதான் சொல்வார்கள். மீதி வார்த்தை வாயில் வரவில்லையா, வேண்டாம் என்று விட்டுவிட்டாரா? கேட்டேன். "போ" என்றார் மறுபடியும். முகத்தில் கோபம் இல்லை. கெஞ்சலும் இல்லை. அது இன்னும் எரிச்சலாக இருந்தது. முடிவை என் தலையில் கட்டிவிட்டார்.

ஏப்ரல் 17

தாமோதரன் வாசலில் வந்து நின்றார். உள்ளே வரத் தயங்கினார். "நான் விளையாட்டா சொன்னதுங்க. அன்னைலேர்ந்து சோறு எறங்கல. நான் ஏதாவது செய்யணும்."

"வெள்ளிக்கிழமைலேர்ந்து ஞாயித்துக்கிழமை வரைக்கும் இவரைப் பாத்துக்குவீங்களா?" என்றேன்.

அவர் இதை எதிர்பார்க்கவில்லை. எனக்கே இது வாயில் எப்படி வந்தது என்று தெரியவில்லை. மாத்திரை நேரம், குளிக்க வைப்பது, எல்லாம் சொல்லிக்கொடுத்தேன். போட்ஸ்வானா என்றால் மழை என்றும் லெசோதோ என்றால் ஜன்னல் என்றும் சொன்னேன். மங்கோலியா என்றால் ஒன்றும் இல்லை, விட்டுவிடுங்கள் என்றேன்.

ஏப்ரல் 18

தஞ்சாவூர். பஸ்ஸில் உட்கார இடம் கிடைத்தது. பெட்டியை எடுக்கவில்லை, ஒரு பையில் இரண்டு புடவை.

ஏப்ரல் 19

இந்த மாடியில் படுத்து ஏழரை வரைக்கும் தூங்கினேன். யாரும் எழுப்பவில்லை. குற்ற உணர்ச்சியாக இருக்கும் என்று நினைத்தேன், இல்லை. மங்கை காபி கொண்டுவந்து கொடுத்துவிட்டு, "இங்கயே இருந்துடேன் அக்கா" என்றாள்.

"வெள்ளிக்கிழமை வெள்ளிக்கிழமை வர்றேன்" என்றேன். "திங்கக்கிழமை நஸ்ரின் வருவா. நான் இல்லன்னா அவருக்குப் பயிற்சி ஓடாது."

"அதுக்காகத்தானா?"

"வேற எதுக்கு?"



ஏப்ரல் 20

மாலையில் திரும்பினேன். தாமோதரன் சவரம்கூடச் செய்துவிட்டிருக்கிறார், கன்னத்தில் இரண்டு இடத்தில் வெட்டு. அடுக்களை போர்க்களம் போலக் கிடந்தது. இரண்டு நாளில் ஒரு டஜன் பாத்திரத்தைக் கரியாக்கியிருக்கிறார். அடுத்த வெள்ளிக்கிழமையும் வருவதாகச் சொல்லிவிட்டுச் செருப்பை மாட்டிக்கொண்டு ஓடாத குறையாகப் போனார்.

இவர் ஹாலில் உட்கார்ந்திருந்தார். நான் பையை வைக்கவில்லை, விளக்குப் போடவில்லை, அதற்குள் வாயைக் கூட்ட ஆரம்பித்தார். ஏதோ நாட்டுப் பெயர் வரப்போகிறது என்று நினைத்தேன். கழுத்து நரம்பு புடைத்தது. இடது கையால் சோபாவின் விளிம்பைப் பிடித்துக்கொண்டார்.

"மாடி" என்றார். மூச்சு வாங்கிக்கொண்டார். "மாடி… எப்படி?"

இத்தனை வருடங்களில் எத்தனையோ கேள்வி கேட்டவர். எல்லாவற்றுக்கும் விடையைக் கையில் வைத்துக்கொண்டே கேட்டவர். இதற்கு அவரிடம் விடை இல்லை. என் முகத்தைப் பார்த்தபடி காத்துக்கொண்டிருந்தார்.

நாற்காலியை இழுத்துப் போட்டு எதிரே உட்கார்ந்தேன்.

"கெழக்குப் பக்கம் ரெண்டு ஜன்னல்" என்றேன். "ஒண்ணு சரியா மூடறதில்ல."